கருவாட்டு மகாத்மியம்

நாம் அம்பத்தூரில் குடியிருக்கும் வீட்டின் சொந்தக்காரர் பரம சாது. வாடகையை ஐந்தாந் தேதிக்குப் பதிலாக எட்டாந் தேதி கொடுத்தாலும் முகத்தைச் சுளிக்க மாட்டார். குழாயில் தண்ணீர் வராவிட்டால் நமக்கு முன்னால் அவரே வருத்தப்படுவார். வீடு பார்க்கப் போன அன்று அவர் நம்மிடம் கேட்டது ஒரே ஒரு கேள்விதான்.

"சார் காலேஜில் படித்துப் பட்டம் வாங்கியவர்; பிள்ளைகளுக்குப் பாடம் சொல்லிக் கொடுக்கிறவர். உங்களிடம் கேட்கவே கூச்சமாயிருக்கிறது. மீனோ கோழியோ, எதுவானாலும் பாதகமில்லை. ஆனால் இந்தக் கருவாடு..." என்று இழுத்தார்.

"சேச்சே! அந்தப் பேச்சே வேண்டாம்" என்றோம்.

இந்தப் பதிலில் பொய் எதுவும் இல்லை என்பதை வாசகர்கள் கவனிக்க வேண்டும். பேச்சு வேண்டாம் என்றுதான் சொன்னோமே தவிர, கருவாடு வேண்டாம் என்று சொல்லவில்லை.

வீட்டுக்காரர் பெரிய பக்திமான். மாதத்தில் ஒரு தடவை குடும்ப சகிதம் திருப்பதி யாத்திரை போவார். அவர் ஏறிய ரயில் திருவள்ளூரைத் தாண்டியிருக்கும் என்று நிச்சயமான பிறகு, நம் வீட்டு அம்மாள் பரண்மேல் இருக்கும் பித்தளைத் தூக்கை இறக்குவாள். அதற்குள் ஒரு டப்பா. டப்பாவுக்குள் ஒரு காகிதப் பொட்டலம். பொட்டலத்துக்குள் நெத்திலிக் கருவாடு. ஜன்னல்களைச் சாத்துவோம். ஊதுவத்தி கொளுத்துவோம். சமையல் ஆனதும் வீடு முழுவதும் சாம்பிராணிப் புகை போடுவோம். அக்கம் பக்கத்தார் நம்மை வெங்கடாசலபதியின் விசேஷ பக்தர்கள் என்று எண்ணியிருந்தால் அதற்கு நாம் பொறுப்பாளியல்ல.

கருவாடு வாங்குவதிலும் இதே ஜாக்கிரதைதான். அம்பத்தூர்க் கடைத்தெருவில் நம் மாணவர்களின் பெற்றோர் யாராவது எதிர்ப்படலாம். ஆகையால் பஸ் ஏறிப் பூந்தமல்லிக்குப் போய், அங்கே ஓர் ஆயாவிடம் வாங்கி, பைக்குள் பையாக வைத்து, மேலே இரண்டு கட்டு முருங்கைக்கீரையைப் பரப்பிக் கொண்டு திரும்புவோம். களவாடிய நகையைக்கூட இவ்வளவு பத்திரமாக யாரும் கொண்டு போக மாட்டார்கள்.

* * *

இப்படி ஒளித்து வைக்க வேண்டிய வஸ்துவா கருவாடு?

பூந்தமல்லியும் ஆவடியும் அம்பத்தூரும் கடற்கரையிலிருந்து பத்துப் பதினைந்து மைல் உள்ளே தள்ளியிருக்கும் ஊர்கள். இந்தப் பக்கத்தார் பழைய நாளில் ஏரி மீன் தின்றிருப்பார்கள். செம்பரம்பாக்கம் ஏரியும் அம்பத்தூர் ஏரியும் அதற்குக் குறை வைக்கவில்லை. ஆனால் கடல் மீன் பச்சையாக இங்கே வந்து சேருவதற்குள் வெயில் அதைக் கெடுத்துவிடும். சென்னையிலே ஐஸ் இல்லாமலில்லை. அமெரிக்காவின் பாஸ்டன் பிரதேசத்துக் குளங்களில் வெட்டிய ஐஸ் கப்பலில் வந்தது. அதைப் பத்திரப்படுத்த 1842-இல் கட்டிய 'ஐஸ் ஹவுஸ்' இன்று விவேகானந்தர் இல்லமாக மெரினாவில் நிற்கிறது. ஆனால் அந்த ஐஸ் துரைமார்களின் பானத்துக்காக வந்ததேயன்றி மீனவர் கூடைக்காக வந்ததல்ல. ஏழைகளின் ஐஸ் உப்பும் வெயிலுந்தான். எண்ணூரிலும் பழவேற்காட்டிலும் காய்ந்த மீன், கெடாமல் கிராமம் கிராமமாக வந்தது. மழைக் காலத்தில் காய்கறி கிடைக்காத குடிசையில், ஒரு துண்டு கருவாடு ஒரு சட்டிச் சோற்றை உள்ளே இறக்கிவிடும்.

செய்முறை எளிது, ஆனால் கவனம் வேண்டும். நெத்திலி, காரப்பொடி போன்ற பொடி மீன்களை அப்படியே வெயிலில் பரப்பி உலர்த்துகிறார்கள். சுறா, வஞ்சிரம் முதலிய பெரிய மீன்களைக் கீறிக் குடலை நீக்கிக் கழுவி, உப்பிட்டு ஊற வைத்துப் பிறகு காய வைக்கிறார்கள். உப்பு மீனிலுள்ள ஈரத்தை வெளியே இழுக்கிறது. மிச்ச ஈரத்தை வெயில் குடிக்கிறது. ஈரமில்லாத இடத்தில் அழுகச் செய்யும் கிருமிகளுக்குப் பிழைப்பில்லை. ரசாயன சாஸ்திரம் இவ்வளவுதான்.

இந்த உப்புக்கும் தேச சரித்திரத்துக்கும் சம்பந்தம் உண்டு. வெள்ளைக்கார அரசாங்கம் உப்பின்மீது வரி போட்டபோது, மீனை உப்பிடுவதற்கே வழியில்லாமல் போயிற்று. மீனவர்கள் உப்பு மண்ணைச் சுரண்டி மீனில் தடவினார்கள், மீன் கெட்டது. பிறகு சர்க்கார் மனமிரங்கி, சென்னை மாகாணக் கரையோரத்தில் வேலியிட்ட முற்றங்களை ஏற்படுத்தி, அந்த வேலிக்குள்ளேயே உபயோகிக்க வேண்டும் என்ற நிபந்தனையோடு வரியில்லாத உப்பைக் கொடுத்தது. கடலின் மடியில் பிறந்தவன் கடல் உப்பைத் தொடுவதற்கு வேலியும் காவலும்! 1930 ஏப்ரலில் ராஜாஜி வேதாரண்யத்தில் ஒரு பிடி உப்பை அள்ளினாரே, அந்தப் பிடியில் கருவாட்டுக்காரியின் வழக்கும் அடங்கியிருந்தது. 1947-இல் உப்பு வரி ஒழிந்தது.

இன்னும் பின்னே போனால் சங்க காலத்துக்கே போய்விடலாம். நற்றிணையின் 45-ஆம் பாட்டில், தேரேறி வரும் செல்வச் சீமானைப் பார்த்து ஒரு மீனவப் பெண்ணின் தோழி பேசுகிறாள். 'நாங்கள் சுறாமீன் துண்டுகளைக் காயப் போட்டுப் பறவை ஓட்டுகிறவர்கள், எங்கள்மேல் மீன் நாற்றம் வீசும், எட்டி நில்லும், எங்களுக்குள்ளும் சிறந்தவர்கள் உண்டு' என்பது அவள் பேச்சின் சாரம். நாற்றத்தை அவள் மறைக்கவில்லை. சாம்பிராணி போடவில்லை. அதையே கேடயமாகப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்து நிற்கிறாள். இந்தப் பாட்டை வகுப்பிலே நாம் உருக்கமாக விளக்கியிருக்கிறோம். விளக்கிவிட்டு வீட்டுக்கு வந்து ஜன்னலைச் சாத்தியிருக்கிறோம்.

ஆடி மாதத்தில் நம் பக்கத்து அம்மன் கோயில்களில் கூழ் வார்க்கிறார்களே, அன்று வீடுகளில் கருவாட்டுக் குழம்பும் முருங்கைக்கீரையும் வைத்துப் படைப்பதும் வழக்கம். அம்மன் ஆக்ஷேபம் சொன்னதாகத் தெரியவில்லை. வீட்டுக்காரர்கள்தான் சொல்லுகிறார்கள்.

* * *

இனி, இந்தக் கட்டுரையை எழுதத் தூண்டிய விஷயத்துக்கு வருவோம். அதைச் சொல்ல நமக்குக் கொஞ்சம் வெட்கந்தான்.

நாம் வேலை பார்க்கும் பள்ளிக்கூடம் ஆவடிக்கும் பூந்தமல்லிக்கும் நடுவே இருக்கிறது. ஏழாம் வகுப்பில் ஒரு பையன். மெலிந்த உடம்பு, கூர்மையான கண்கள். ஒரு நாள் பகல் சாப்பாட்டு வேளையில் அவன் டப்பாவைத் திறந்ததும் வகுப்பில் பெரிய அமளி. ஒருவன் மூக்கைப் பிடித்தான். இன்னொருவன் ஜன்னலண்டை ஓடினான். மறுநாள் ஒரு பெற்றோரிடமிருந்து புகார்க் கடிதமே வந்துவிட்டது. நாம் வகுப்பாசிரியர் என்ற ஹோதாவில் பையனைக் கூப்பிட்டு, "தம்பி, கருவாடு கொண்டு வருகிற நாளில் மாத்திரம் நீ வராந்தாவில் உட்கார்ந்து சாப்பிடு" என்று, மிகவும் அன்பாகத்தான், சொன்னோம்.

முதல் நாள் வராந்தாவில் உட்கார்ந்து, டப்பாவை மூடியால் மறைத்துக் கொண்டே சாப்பிட்டான். மறுநாள் முதல் டப்பாவையே காணோம். சாப்பாட்டு வேளையில் மைதானத்தில் ஓடிக் கொண்டிருந்தான். நடுநடுவே குழாயடியில் தண்ணீர் குடித்தான். 'சீக்கிரம் சாப்பிட்டுவிட்டான் போலிருக்கிறது. சொன்னதைப் புரிந்து கொண்ட நல்ல பிள்ளை' என்று நாம் திருப்தியடைந்தோம். அதே வாரத்து ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்காரர் திருப்பதி போனார் என்பதையும், நாம் மூன்றாந் தடவை சோறு போட்டுக் கொண்டு சாப்பிட்டோம் என்பதையும் இங்கே குறிப்பிட்டாக வேண்டும்.

பத்துப் பன்னிரண்டு நாட்களுக்குப் பிறகு பூகோள வகுப்பு. பாடம் ஐரோப்பாவின் வடபகுதி. நார்வே தேசத்து லோபோடன் தீவுகளைப் பற்றிச் சுவரில் படம் காட்டி விளக்கினோம். பனி மலை, அதன் அடியில் நீலக் கடல், கரையெல்லாம் மரச் சட்டங்கள். அவற்றில் தோரணம் கட்டினாற்போல் ஆயிரக்கணக்கான காட் மீன்கள். 'பிப்ரவரி முதல் மே வரையில் உப்பே இல்லாமல் குளிர்காற்றில் உலர்த்துகிறார்கள். உலர்ந்த மீன் ஐந்தில் ஒரு பங்கு எடைதான் இருக்கும், வருஷக்கணக்கில் கெடாது. 1432-ஆம் வருஷம் கப்பல் உடைந்து அந்தப் பக்கத்தில் கரையேறிய வெனிஸ் நகரத்து வியாபாரி க்வெரினி, திரும்பும்போது இந்த மீனைக் கொண்டு போனார். இன்றளவும் இத்தாலியர் அதை விருந்தாகச் சாப்பிடுகிறார்கள். அங்கே பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளே மீனின் நாக்கை அறுக்கும் வேலை செய்து கைச்செலவுக்குச் சம்பாதிக்கிறார்கள். என்ன உழைப்பு! என்ன நாகரிகம்!' என்று நாம் பரவசமாகப் பேசிக் கொண்டே போனோம்.

பின் வரிசையிலிருந்து ஒரு கை உயர்ந்தது. அந்தப் பையன்தான்.

"சார், அது கருவாடுதானே சார்?"

வகுப்பு கொல்லென்று சிரித்தது. பையன் சிரிக்கவில்லை. கேலியாகவும் கேட்கவில்லை. தெரிந்து கொள்ள வேண்டியே கேட்டான்.

எம்.ஏ. பட்டமும் இருபது வருஷத்து அனுபவமும் அந்தச் சமயத்தில் நமக்குக் கை கொடுக்கவில்லை. "ஆமாம், கருவாடுதான்" என்றோம். சிரிப்பு நின்றது.

"அவங்க உப்பு போடாம எப்படி சார் புழு வைக்காம இருக்கு? எங்க ஆயா, மழை மூட்டம் போட்டாலே பயப்படுவாங்க" என்றான்.

நல்ல கேள்வி. அங்கே அந்த மாதங்களில் ஈ கிடையாது, தண்ணீர் உறையும் நிலையை ஒட்டியே குளிர் நிற்கும், காற்று ஓயாது. அதனால் உப்பு வேண்டியதில்லை. இங்கே ஈயும் புழுக்கமும் இருப்பதால் உப்பில்லாமல் பெரிய மீனைக் காப்பாற்ற முடியாது. இதை நாம் சொன்னோம். எந்த மீனைக் கீற வேண்டும், எதைக் கீற வேண்டாம், எப்போது திருப்பிப் போட வேண்டும் என்பதையெல்லாம் அவன் சொன்னான். அன்றைய பாடத்தில் பாதியை அவன்தான் நடத்தினான்.

* * *

அன்று மாலை பூந்தமல்லியில் பஸ்ஸை விட்டிறங்கி, வழக்கமான இடத்துக்குப் போனோம். ஆயாவின் கூடைக்குப் பக்கத்தில் சாக்கின்மேல் உட்கார்ந்து, ஒரு பையன் சென்னாக்குனியைப் புடைத்துக் கொண்டிருந்தான். நம்மைக் கண்டதும் சடக்கென்று எழுந்து நின்று, "வணக்கம் சார்" என்றான். நம் கையிலிருந்த பையைப் பார்த்தான். ஒன்றும் பேசவில்லை.

ஆயாவுக்கோ மகா சந்தோஷம். "இத்தினி வருஷமா நம்மகிட்ட வாங்குறவரு நம்ம புள்ளைக்கே வாத்தியாரா? தெரியாமப் போச்சே சார்!" என்று ஒரு கை நெத்திலி அதிகமாக அள்ளிப் போட்டாள். பிறகு, "உங்க பள்ளிக்கூடத்துல இப்ப மத்தியானம் சோறு போடுறாங்களாமே? சோறு கட்ட வேணாம்னு சொல்லிட்டான். காலையில எனக்கு ஒரு வேலை மிச்சம். நல்லாயிருக்கணும் சார் நீங்கல்லாம்!" என்றாள்.

நம் பள்ளிக்கூடத்தில் யாரும் சோறு போடுவதில்லை.

பையன் தலையைக் குனிந்து சென்னாக்குனியைப் புடைப்பதிலேயே கவனமாயிருந்தான். நம்மைக் காட்டிக் கொடுக்கவும் இல்லை. தன்னைக் காட்டிக் கொள்ளவும் இல்லை. நாம் பணத்தைக் கொடுத்துவிட்டுத் திரும்பினோம். முருங்கைக்கீரை வாங்க மறந்து போயிற்று. பஸ்ஸிலே பை மணத்தது.

* * *

அன்றிரவு தூக்கம் வரவில்லை. 'நாற்றம் என்பது கற்பனையா?' என்று யோசித்துப் பார்த்தோம். கற்பனையல்ல. கடல் மீனின் உடம்பிலுள்ள ஒரு பொருளைக் கிருமிகள் சிதைக்கும்போது டிரைமெத்திலமைன் என்னும் வஸ்து உண்டாகிறது. அதுதான் மீன் நாற்றம். லோபோடன் காட் மீனிலும் அதே டிரைமெத்திலமைன்தான். காசிமேட்டு நெத்திலியிலும் அதேதான்.

நாற்றத்தில் வடநாட்டு ஐரோப்பியர் நம்மவரைத் தூக்கி அடித்துவிடுவார்கள். ஸ்வீடனில் 'சூர்ஸ்ட்ரோமிங்' என்று ஒன்றுண்டு. ஹெர்ரிங் மீனைக் கொஞ்சமே உப்பிட்டுப் புளிக்க வைத்துத் தகர டப்பாவில் அடைத்தது. டப்பாவுக்குள்ளும் அது புளித்துக் கொண்டேயிருப்பதால் டப்பா உப்பிவிடும். 2006-இல் சில விமானக் கம்பெனிகள் அதை வெடிக்கக் கூடிய சாமானென்று சொல்லித் தடுத்துவிட்டன. ஸ்வீடன்காரர் கோபித்துக் கொண்டார்களேயன்றி வெட்கப்படவில்லை. ஆகஸ்டு மாதத்து மூன்றாவது வியாழக்கிழமையை அதற்கென்றே வைத்து, திறந்த வெளியில் டப்பாவை உடைத்து, மெல்லிய ரொட்டியும் உருளைக்கிழங்கும் வெங்காயமும் சேர்த்துச் சாப்பிடுகிறார்கள். நார்வேயில் 'லூட்டபிஸ்க்', உலர்ந்த காட் மீனைக் காரநீரில் ஊற வைத்துப் பிறகு பல நாள் நல்ல தண்ணீரில் அலசிச் சமைத்தது, களி மாதிரி கொழகொழவென்றிருக்கும். அது கிறிஸ்துமஸ் பண்டிகைச் சாப்பாடு. அமெரிக்காவில் குடியேறிய நார்வேக்காரரின் பேரன் பேத்திகள், பாட்டன் மொழியை மறந்த பிறகும், வருஷத்துக்கொரு தடவை மாதாகோயில் விருந்தில் இதை விடாமல் சாப்பிடுகிறார்கள். விஸ்கான்ஸின் மாகாணத்தில், வேலை செய்யும் இடங்களிலுள்ள நச்சுப் பொருள்களைப் பற்றிய சட்டத்திலேயே 'லூட்டபிஸ்க் இதில் சேராது' என்று எழுதி வைத்திருக்கிறார்கள். அந்தச் சட்டசபையாரின் ஹாஸ்யத்தை மெச்சுகிறோம். சொந்தச் சாப்பாட்டின்மேல் அவர்களுக்குள்ள வாஞ்சையை அதைவிட அதிகமாக மெச்சுகிறோம்.

நார்வே மற்றொரு காரியமும் செய்திருக்கிறது. 'லோபோடன் உலர்மீன்' என்ற பெயரை அந்தத் தீவுகளில் உலர்த்திய மீனுக்கு மாத்திரமே உரியதாக்கி, 2014-இல் ஐரோப்பியக் கூட்டமைப்பின் பாதுகாப்பையும் வாங்கிவிட்டது. நம் நாட்டிலும் இந்த மாதிரிப் புவிசார் குறியீடு உண்டு. பழனிப் பஞ்சாமிர்தம் 2019-இலும் கோவில்பட்டிக் கடலைமிட்டாய் 2020-இலும் அதைப் பெற்றன. பஞ்சாமிர்தத்துக்குப் பின்னால் ஒரு நாள் பழவேற்காட்டுக் கருவாடும் வரிசையில் வந்து நிற்கட்டும். அதற்கு முன்னால் வெறும் மணலில் பரப்பும் வழக்கம் போக வேண்டும். உயர்ந்த பரண்களும் வலைமூடிய உலர்த்திகளும் வரவேண்டும். கொச்சியில் 1957 முதல் நடந்துவரும் மத்திய மீன் தொழில்நுட்ப நிலையம் இந்த முறைகளை எடுத்துச் சொல்லி வருகிறது. மணலும் ஈயும் கருவாட்டின் குற்றமே. அதை மறைப்பது தேசபக்தியாகாது.

ஆனால் மணலைத் தட்டிவிடலாம். மனிதர்களைத் தட்டிவிடும் வழக்கந்தான் போவது கஷ்டம். 2021 டிசம்பரில் குளச்சலிலே மீன் விற்ற ஒரு மூதாட்டியை, நாற்றம் வீசுகிறதென்று பஸ்ஸிலிருந்து இறக்கிவிட்டார்கள். தமிழ்நாடே கொதித்தது. முதல் மந்திரி கண்டித்தார். ஊழியர்களைத் தாற்காலிகமாக நீக்கினார்கள். நாமும் அன்று பத்திரிகையைக் கையில் வைத்துக் கொண்டு, 'அக்கிரமம்! அக்கிரமம்!' என்று சொன்னவர்கள்தாம். அதே நாம், ஒரு சிறுவனை வகுப்பிலிருந்து இறக்கிவிட்டோம். அந்த மூதாட்டி கூச்சலாவது போட்டாள். பையன் தண்ணீரைக் குடித்துவிட்டுச் சும்மா இருந்தான்.

* * *

மறுநாள் காலையில் பையனைத் தனியே கூப்பிட்டு, "தம்பி, நான் சொன்னது தப்பு. நாளை முதல் டப்பா கொண்டு வா. எந்தச் சாப்பாடானாலும் சரி, உன் இடத்திலேயே உட்கார்ந்து சாப்பிடு" என்றோம். "சரி சார்" என்றான். ஆசிரியர் மாணவனிடம் தப்பென்று சொல்லுவது எங்கள் தொழிலில் அபூர்வம். ஆனால் நாம் எதிர்பார்த்த மாதிரி வானம் ஒன்றும் இடிந்து விழவில்லை.

வியாழக்கிழமையன்று நம் வீட்டு அம்மாளிடம் நெத்திலித் தொக்கு வைத்துத் தரச் சொல்லி எடுத்துப் போனோம். ஆசிரியர் அறைக்குப் போகாமல், ஏழாம் வகுப்பிலேயே மேஜைமேல் வைத்துத் திறந்தோம். நாற்பது ஜோடிக் கண்கள் நம்மைப் பார்த்தன. ஒருவன் மூக்குக்குக் கையைக் கொண்டு போய், எதையோ யோசித்து, காதைச் சொறிந்து கொண்டான். முன் வரிசைப் பையன் ஒருவன், "சார், அது நார்வே மீனா சார்?" என்று கேட்டான். "இல்லை, பூந்தமல்லி" என்றோம். அப்புறம் ஐந்தாறு பேர் சுவை பார்க்க வந்தார்கள். ஒருவனுக்குப் பிடிக்கவில்லை. பிடிக்காததில் குற்றமில்லை. பிடிக்கவில்லையென்று சொல்லிவிட்டுத் தன் இடத்தில் போய் உட்கார்ந்து தயிர்சாதத்தைத் தின்றான். பக்கத்திலிருந்தவனை எழுந்து போகச் சொல்லவில்லை. நாகரிகம் என்பது இவ்வளவுதான் என்று இப்போது நமக்குத் தோன்றுகிறது.

அந்தப் பையனும் டப்பா கொண்டு வருகிறான். ஆனால் கருவாடு வைத்திருக்கும் நாளில், டப்பாவின் மூடியை நெட்டாக நிறுத்தி, ஒரு கையால் அதைப் பிடித்துக் கொண்டேதான் இன்னமும் சாப்பிடுகிறான். நாம் ஒரு நிமிஷத்தில் சொன்ன வார்த்தை அது. அந்தக் கையை எடுக்க எத்தனை மாதம் ஆகுமோ, பார்க்க வேண்டும். கவனித்துக் கொண்டு வருகிறோம்.

வீட்டுக்காரர் விஷயத்தையும் சொல்லிவிடுகிறோம். போன ஞாயிற்றுக்கிழமை அவர் மாடியில் இருக்கும்போதே, ஜன்னல்களைத் திறந்து வைத்து, சாம்பிராணி இல்லாமல், கத்திரிக்காயும் மொச்சையும் போட்டுக் கருவாட்டுக் குழம்பு வைத்தோம். வீட்டைக் காலி செய்யச் சொல்லுவார் என்று தயாராகவே இருந்தோம். இதுவரையில் ஒன்றும் சொல்லவில்லை. மாடியிலிருந்து ஊதுவத்தி வாசனை மாத்திரம் முன்னைவிடச் சற்று அதிகமாக வந்து கொண்டிருக்கிறது.